வேர் தேடல் வீட்டிலிருந்து தொடங்கட்டும்

பெருநாளுக்கு முந்தைய வாரங்களிலும் தீபாவளிக்கு முந்தைய வாரங்களிலும் தியாகராய நகர் உஸ்மான் சாலையில் கால் வைக்க இடமிராது. துணி எடுக்க வந்தோரும் நகை வாங்க வந்தோரும் பாத்திரம் பார்க்க வந்தோருமாக, ரங்கநாதன் தெரு முனையிலிருந்து பனகல் பூங்கா வரை மக்கள் வெள்ளம் பெருகி நிற்கும். அச்சாலையின் பெயர் பேருந்து நடத்துநரின் வாயிலும் கடைகளின் விளம்பரங்களிலும் நாள்தோறும் ஒலித்துக்கொண்டே இருக்கிறது. ஆயினும், ‘அந்த உஸ்மான் யார்?’ என்று அக்கூட்டத்தில் யாரையேனும் நிறுத்திக் கேட்டால் விடை கிடைப்பது அரிது.

அவர் சர் முகம்மது உஸ்மான். சென்னை மாநகராட்சியின் தலைவராக இருந்தவர். 1934ஆம் ஆண்டில் சென்னை மாகாணத்தின் தற்காலிக ஆளுநராகப் பொறுப்பேற்றவர். 1940 முதல் 1942 வரை சென்னைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக விளங்கியவர். நாட்டு மருத்துவ முறைகளை ஆராய அன்றைய மாகாண அரசு அமைத்த குழுவுக்கும் அவரே தலைவர். 1923இல் வெளிவந்த அக்குழுவின் அறிக்கை சித்த மருத்துவத்துக்காகவும் ஆயுர்வேதத்துக்காகவும் யுனானிக்காகவும் வாதாடியது. அச்சாலைக்கு அருகிலேயே அபிபுல்லா சாலை இருக்கிறது. வைசிராயின் நிர்வாக சபையில் உறுப்பினராகவும் பின்னர்த் திருவிதாங்கூர் சமஸ்தானத்தின் திவானாகவும் இருந்த சர் முகம்மது அபிபுல்லாவின் பெயர் அது. பெயர்ப்பலகைகள் நிற்கின்றன, பெயருக்குரியவர்களின் நினைவு மட்டும் மறைந்துவிட்டது.

தெருவுக்கு நேர்ந்தது வீட்டுக்கும் நேர்ந்திருக்கிறது. முதலாண்டு மாணவர்களிடம் ஒருநாள், ‘உங்கள் பாட்டியாரின் தாயார் பெயர் என்ன?’ என்று கேட்டோம். பாட்டனாரின் பெயரைப் பலர் சொன்னார்கள். பூட்டனாரின் பெயரைச் சிலர் சொன்னார்கள். பாட்டியாரின் தாயார் பெயரை ஒருவரும் சொல்லவில்லை. வகுப்பு சற்று நேரம் அமைதியாக இருந்தது. அப்போது ஒரு மாணவர் எழுந்து, ‘ஐயா, உங்களுக்குத் தெரியுமா?’ என்று பணிவோடு கேட்டார். நமக்கும் தெரியவில்லை. அந்த மாணவருக்கு நாம் கடன்பட்டிருக்கும் விடையே இக்கட்டுரை.

இன்னோர் உஸ்மான்

மேற்கு ஆப்பிரிக்காவில் செனகல் என்னும் நாடு இருக்கிறது. மக்களில் மிகப் பெரும்பாலோர் முஸ்லிம்கள். நெடுங்காலம் பிரெஞ்சுக்காரரின் ஆட்சியில் இருந்து 1960இல் விடுதலை பெற்றவர்கள். அந்நாட்டில் 1923ஆம் ஆண்டு மீனவர் ஒருவரின் மகனாகப் பிறந்தவர் உஸ்மான் செம்பேன். மார்செய் துறைமுகத்தில் மூட்டை இறக்கும் தொழிலாளியாக உழைத்தவர்; அங்கிருந்தே நாவலாசிரியராக உயர்ந்தவர். தாம் பிரெஞ்சு மொழியில் எழுதும் நூல்கள், எழுதப் படிக்க அறியாத தம் மக்களைச் சென்றடையா என்று உணர்ந்தபோது, நடுத்தர வயதில் மாஸ்கோ சென்று திரைப்படக் கலை பயின்றார். 2007இல் மறையும் வரை அவர் எடுத்த படங்களால் ‘ஆப்பிரிக்கத் திரைப்படத்தின் தந்தை’ என்று அழைக்கப்பட்டார்.

அவர் 1968இல் எடுத்த ‘மண்டாபி’ என்னும் படம் வொலோஃப் என்னும் நாட்டு மொழியில் அமைந்தது. ‘மணியார்டர்’ என்பதே அப்பெயரின் பொருள். டக்கார் நகரில் வாழும் முதியவர் ஒருவருக்குப் பாரீசில் தெருக் கூட்டும் வேலை பார்க்கும் மருமகன் மணியார்டர் அனுப்புகிறான். அஞ்சலகத்தில் அடையாள அட்டை கேட்கிறார்கள். அடையாள அட்டைக்குச் சென்றால் பிறப்புச் சான்று கேட்கிறார்கள். பிறப்புச் சான்றுக்குச் சென்றால் பிறந்த நாள் எதுவென்று கேட்கிறார்கள். ஊரார் அனைவரும் பெயர் சொல்லி அழைக்கும் அந்த மனிதர், தாம் இன்னார் என்பதைக் காகிதத்தால் மெய்ப்பிக்க முடியாமல் நகரெங்கும் அலைகிறார். இறுதியில் உதவ வந்த உறவினன் ஒருவனே பணத்தைச் சுருட்டிக்கொள்கிறான். அப்படத்தைப் பார்க்கும் நமக்குச் சிரிப்பும் வரும். நம் ஊர் அலுவலக வாசல்களும் நினைவுக்கு வரும்.

செம்பேனுக்கு அடுத்த தலைமுறையில் வந்தவர் அப்துர் ரஹ்மான் சிஸ்ஸாக்கோ. 1961இல் மொரிட்டானியாவில் பிறந்து, தந்தையின் நாடாகிய மாலியில் வளர்ந்தவர். அவரும் மாஸ்கோவில் பயின்றவரே. 1998இல் அவர் எடுத்த ‘பூமியில் வாழ்வு’ என்னும் படத்தில், பாரீசில் வாழும் மகன் தன் தந்தை இருக்கும் சொக்கோலோ என்னும் சிற்றூருக்குத் திரும்புகிறான். மகனாக நடிப்பவர் சிஸ்ஸாக்கோவே. ஊரும் அவருடைய தந்தையின் ஊரே. உலகம் 2000ஆம் ஆண்டை வரவேற்க ஆரவாரம் செய்துகொண்டிருந்த வேளையில், ஓர் அஞ்சலகத்தையும் ஒரு வானொலியையும் வைத்துக்கொண்டு வெளியுலகோடு பேச முயலும் அவ்வூரை அவர் பொறுமையோடு காட்டினார். ‘நான் யார்?’ என்ற வினாவுக்கு விடை தேட, அவர் பெரிய நூலகங்களுக்குச் செல்லவில்லை. தந்தையின் ஊருக்குச் சென்றார்.

கடல் கடந்த கதைகளை இங்கே சொல்வானேன் என்று பெரியோர்கள் கேட்கலாம். அதே வினாவோடு தம் சொந்த ஊரிலிருந்து புறப்பட்ட ஒருவர் நம் சென்னையிலேயே இருக்கிறார் என்பதனால்தான்.

கொம்பையிலிருந்து ஒரு பயணம்

தேனி மாவட்டத்தில், மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில், கேரள எல்லைக்கு அருகே அமைந்த ஊர் கொம்பை. அவ்வூரின் பெயரைத் தம் பெயரோடு தாங்கியவர் கொம்பை எஸ். அன்வர் அவர்கள். சென்னையில் வாழும் எழுத்தாளர், ஒளிப்படக் கலைஞர், ஆவணப்பட இயக்குநர். 2013ஆம் ஆண்டில் அவர் வெளியிட்ட ஆவணப்படத்தின் பெயர் ‘யாதும்’. கணியன் பூங்குன்றனாரின் புகழ்பெற்ற புறநானூற்றுப் பாடலின் முதற்சொல் அது என்பதைத் தமிழ்த்துறை மாணவர்க்குச் சொல்லத் தேவையில்லை.

தமிழ் முஸ்லிம் ஒருவர் தம் வேரையும் அடையாளத்தையும் தேடிச் செல்லும் பயணமே அப்படம். மலையாளக் கரையின் மிளகு வணிக வழியும், தமிழகத்தின் உள்நாடும், சோழமண்டலக் கடற்கரையும் அதில் விரிகின்றன. நம் கோயில்களைக் கட்டிய சிற்ப மரபிலேயே எழுந்த கற்பள்ளிவாசல்களைக் காண்கிறோம். இந்துமாக்கடல் வணிகத்தின் தடயங்களைக் காண்கிறோம். நூற்றாண்டுகளாகப் பிற சமயத்தாரோடு கலந்து வாழ்ந்த வாழ்வைக் காண்கிறோம்.

இத்தகைய தேடல் ஏன் வேண்டியிருக்கிறது என்பதற்குச் சென்னைவாழ் தமிழ் முஸ்லிம் எவரும் சான்று சொல்வார். மயிலாப்பூரில் வாடகைக்கு வீடு தேடிச் சென்ற நாளொன்றில் நம்மோடு கால் மணி நேரம் பேசிக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர், பெயரைக் கேட்டறிந்ததும் வியப்போடு, ‘பாய், நீங்க தமிழ் நல்லாப் பேசுறீங்களே!’ என்றார். பாராட்டாகத்தான் சொன்னார், அவர் நெஞ்சில் கள்ளமில்லை. தமிழைக் கற்பித்து ஊதியம் பெறுகிற நமக்கு அப்பாராட்டை எப்படி ஏற்றுக்கொள்வது என்றுதான் தெரியவில்லை. முஸ்லிம் என்றால் உருது பேசுபவர், உருது பேசுபவர் என்றால் எங்கிருந்தோ வந்தவர் என்று இரண்டு பிழையான முடிவுகள் அந்த ஒரு வியப்புக்குள் ஒளிந்திருக்கின்றன. உருதைத் தாய்மொழியாகக் கொண்ட நம் சகோதரர்களும் தலைமுறை தலைமுறையாக இந்நகரில் வாழ்பவர்கள், இந்நகருக்கு உரியவர்கள். திருவல்லிக்கேணியில் 1795இல் எழுந்த வாலாஜா பள்ளிவாசலை அறியாதார் சென்னையை அறியாதாரே.

கல்லும் சொல்லும்

‘நீங்கள் எப்போது வந்தீர்கள்?’ என்ற கேள்விக்கு நம் அன்றாடச் சொற்களே விடை கூறும். வழிபடும் இடத்தைப் பள்ளிவாசல் என்கிறோம். ‘பள்ளி’ என்னும் சொல் சமணர்க்கும் பௌத்தர்க்கும் உரிய தவச்சாலையைக் குறித்தது, கல்விக்கூடத்தையும் குறிப்பது. சலாத்தைத் தொழுகை என்கிறோம். சவ்மை நோன்பு என்கிறோம். ஈதைப் பெருநாள் என்கிறோம். வேற்று நாட்டிலிருந்து வந்து குடியேறிய கூட்டமொன்று தன் சமயத்தின் உயிரான சொற்களை இவ்வாறு பிறமொழியில் வழங்கியிராது. இம்மண்ணில் பிறந்து, இம்மொழியில் சிந்தித்தவர்கள், தாம் ஏற்றுக்கொண்ட நெறிக்குத் தம் தாய்மொழியிலேயே பெயரிட்டார்கள் என்பதே இதன் பொருள்.

கல்லும் அதையே சொல்கிறது. திருச்சிராப்பள்ளிக் கோட்டை ரயில் நிலையத்துக்கு அருகே உள்ள சிறிய கற்பள்ளியின் அரபுக் கல்வெட்டு ஹிஜ்ரி 116, அதாவது கி.பி. 734 எனப் படிக்கப்பட்டிருக்கிறது. கீழக்கரையிலும் காயல்பட்டினத்திலும் உள்ள பழைய பள்ளிகளில் வில்வளைவும் குவிமாடமும் முதன்மை பெறுவதில்லை. கோயில் மண்டபம் போன்றே கற்றூண்கள் வரிசையாக நிற்கும். மேலே தட்டையான கற்கூரை இருக்கும். உருவங்களுக்கு மாற்றாகப் பூவும் கொடியும் செதுக்கப்பட்டிருக்கும். தொழுகைக்குரிய கட்டடத்தை, இஸ்லாத்தின் வரம்புக்குள் நின்று, தமிழ்க் கற்றச்சனின் உளி செதுக்கியிருக்கிறது.

இலக்கியமும் இவ்வாறே சான்று பகர்கிறது. பல்சந்தமாலையின் சில பாடல்களே நமக்குக் கிடைத்துள்ளன. முழுமையாகக் கிடைத்துள்ள பழைய நூலாகிய வண்ணப் பரிமளப் புலவரின் ஆயிர மசலா 1572இல் மதுரையில் அரங்கேறியது. உமறுப்புலவரின் சீறாப்புராணத்தை நாம் பாடமாகவே நடத்துகிறோம். ம.மு. உவைஸ் அவர்களும் பீ.மு. அஜ்மல்கான் அவர்களும் இஸ்லாமியத் தமிழ் இலக்கிய வரலாற்றைத் தொகுதி தொகுதியாக எழுதி வைத்தார்கள். எம்.ஆர்.எம். அப்துற்றஹீம் அவர்கள் இஸ்லாமியக் கலைக்களஞ்சியம் படைத்தார்கள். ஆகவே, சமுதாயத்தின் வரலாறு எழுதப்படவில்லை என்று சொல்ல இயலாது. எழுதப்படாமல் இருப்பது நம் வீடுகளின் வரலாறே.

மூன்று எச்சரிக்கைகள்

வேர் தேடும் ஆர்வம் இன்று பெருகி வருவது மகிழ்ச்சிக்குரியது. ஆனால், அத்தேடல் தவறான வழியில் திரும்பிவிடக் கூடாது என்பதற்காக மூன்று கருத்துகளைச் சொல்ல விரும்புகிறோம். பெரியோர்கள் பொறுத்தருள வேண்டும்.

முதலாவது, குடும்ப வரலாற்றை நாம் பிறருக்குக் காட்டும் சான்றிதழாக எண்ணக் கூடாது. ‘நாங்கள் ஆயிரம் ஆண்டாக இங்கே இருக்கிறோம், ஆகவே எங்களை ஏற்றுக்கொள்ளுங்கள்’ என்று வாதாடத் தொடங்கினால், ஆயிரம் ஆண்டு இல்லாதவன் என்ன செய்வான்? 1981இல் திருநெல்வேலிச் சீமையின் மீனாட்சிபுரத்தில் சாதிக் கொடுமையிலிருந்து விடுபட இஸ்லாத்தைத் தழுவிய குடும்பங்கள், 8ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டைக் காட்ட முடியாது. அவர்கள் எந்த வகையில் குறைந்த தமிழர்கள்? எந்த வகையில் குறைந்த முஸ்லிம்கள்? அலுவலகங்கள் ஆவணம் கேட்கட்டும்; அது அவற்றின் நடைமுறை. மனிதனை மனிதன் மதிப்பதற்கு ஆவணம் வேண்டியதில்லை என்பதைத்தான் செம்பேனின் முதியவர் நமக்குக் கற்பிக்கிறார். நினைவைச் சேமிப்பது நம் பிள்ளைகளுக்காக. பிறர் முன் மனுச் செய்வதற்காக அன்று.

இரண்டாவது, இல்லாத பெருமையை இட்டுக்கட்டக் கூடாது. கடற்கரை ஊர்களில் அரபு வணிகரின் குருதிக் கலப்பு இருந்தது உண்மை. மரக்கலத்தோடு தொடர்புடைய மரைக்காயர்களும் குதிரையோடு தொடர்புடைய இராவுத்தர்களும் தத்தம் வரலாற்றைக் கொண்டவர்கள். ஆனால், தமிழ் முஸ்லிம்களில் பெரும்பாலோரின் முன்னோர் இந்த மண்ணின் உழவர்களும் நெசவாளர்களும் மீனவர்களும் கைவினைஞர்களுமே. இதைச் சொல்வதற்கு நம்மில் சிலர் கூசுகிறார்கள். அரபியர்க்கு அரபியரல்லாதாரைவிடச் சிறப்பில்லை என்று அண்ணல் நபி (ஸல்) அவர்கள் தம் இறுதிப் பேருரையில் எடுத்துரைத்த பின்னும், நாம் ஏன் பாலைவனத்தில் பாட்டனாரைத் தேட வேண்டும்? ஏர் பிடித்த கையும் தறி நெய்த கையும் கலிமாச் சொன்னதில் இருக்கும் பெருமை, கற்பித்துக்கொண்ட வமிசாவளியில் இல்லை.

மூன்றாவது, பெண்களின் நினைவை விட்டுவிட்டு எழுதப்படும் குடும்ப வரலாறு பாதி வரலாறே. ‘யாதும்’ வெளிவந்த அதே 2013இல்தான் ‘சல்மா’ என்னும் ஆவணப்படமும் வெளிவந்தது. துவரங்குறிச்சியில் பிறந்து, இளம் வயதில் பள்ளியிலிருந்து நிறுத்தப்பட்டு, வீட்டுக்குள்ளிருந்தே கவிஞராகவும் நாவலாசிரியராகவும் வளர்ந்த சல்மா அவர்களின் வாழ்வைச் சொல்லும் படம் அது. அதை இயக்கியவர் கிம் லாங்கினாட்டோ என்னும் பிரித்தானியப் பெண்மணி. அப்படத்தின் எல்லாக் கருத்துகளையும் ஒருவர் ஏற்கலாம், மறுக்கவும் செய்யலாம். ஆனால், நம் வீட்டு அறைக்குள் நடந்ததைக் கேட்க இங்கிலாந்திலிருந்து ஒருவர் வர வேண்டியிருந்ததே என்ற வருத்தம் நமக்கு வர வேண்டாமா? நாம் கேட்காததனால்தான் அவர் கேட்டார். நம் வகுப்பில் பாட்டியாரின் தாயார் பெயரை ஒருவரும் சொல்ல முடியாமற் போனதற்கும் காரணம் இதுவே. ஆண்வழிப் பெயர்கள் பத்திரங்களிலும் ஜமாஅத் பதிவேடுகளிலும் தங்கிவிடுகின்றன. பெண்வழிப் பெயர்கள் சொல்வாரோடு மறைந்துவிடுகின்றன.

கிணற்றில் இட்ட ஏடு

பிறரைக் குறை சொல்வதற்கு முன் நம் குறையையும் சொல்லிவிடுவது முறை. எம் குடும்பத்து நன்னியாரிடம் தகரப் பெட்டி ஒன்று இருந்தது. அதில் கனத்த அட்டையிட்ட கையெழுத்து நோட்டு ஒன்றை அவர் பட்டுத்துணியில் சுற்றி வைத்திருந்தார். அரபு எழுத்தில் தமிழ் எழுதும் அரபுத்தமிழில் அமைந்த நோட்டு அது. பிறப்பும் இறப்பும், நிக்காஹ் நடந்த நாட்களும், பிள்ளைகளுக்கான கைமருந்தும், சில பாட்டுகளும் அதில் இருந்தன என்று சொல்லக் கேட்டிருக்கிறோம். நன்னியார் மறைந்த பின் வீட்டை இடித்துக் கட்டினார்கள். நோட்டைப் படிக்கத் தெரிந்தவர் ஒருவரும் இல்லை. அரபு எழுத்து காலில் படக் கூடாது என்ற மரியாதையினால், பழைய ஏடுகளோடு அதையும் கிணற்றில் இட்டார்கள். அப்போது நாம் தமிழ் முதுகலை படித்துக்கொண்டிருந்தோம். ஆற்றில் விட்ட ஏடுகளையும் நெருப்பில் இட்ட ஏடுகளையும் பற்றி உ.வே.சாமிநாதையர் மனம் நொந்து எழுதியதைத் தேர்வுக்காகப் படித்துக்கொண்டிருந்த அதே காலத்தில், நம் வீட்டு ஏடு கிணற்றில் விழுவதைத் தடுக்க நமக்குத் தோன்றவில்லை.

இது ஒரு வீட்டின் கதை மட்டுமன்று. ஊர்தோறும் பழைய பள்ளிவாசல்கள் விரிவாக்கத்துக்காக இடிக்கப்படுகின்றன. தொழுவோர் தொகை பெருகும்போது இடம் வேண்டியிருப்பது உண்மையே. ஆனால், கற்றூணைப் பெயர்த்தெறிந்துவிட்டுச் சிமெண்டுக் குவிமாடம் எழுப்பும்போது, ‘நீங்கள் எப்போது வந்தீர்கள்?’ என்பாருக்கு விடையாக நின்ற கல்லை நாமே அப்புறப்படுத்துகிறோம். பழைய மண்டபத்தை அப்படியே வைத்துக்கொண்டு பின்புறமோ பக்கவாட்டிலோ விரிவாக்குவது இயலாத காரியமன்று. இடிப்பதற்கு முன் கல்வெட்டைப் படியெடுக்கவும் தூண்களைப் படம் பிடிக்கவும் ஒருநாள் போதும். அந்த ஒருநாளைக்கூட நாம் ஒதுக்குவதில்லை.

மயிலாப்பூர் கற்பிக்கும் பாடம்

நினைவைக் காப்பது பகையை வளர்க்கும், பழம்புண்ணைக் கிளறும் என்று அஞ்சுவோரும் உண்டு. அவர்களுக்கு மயிலாப்பூரைக் காட்ட விரும்புகிறோம். கபாலீசுவரர் கோயிலும், கச்சேரி சாலைப் பள்ளிவாசலும், சாந்தோம் தேவாலயமும் நடந்து செல்லும் தொலைவுக்குள் அமைந்த பகுதி அது. அங்கே டாக்டர் இராதாகிருஷ்ணன் சாலையில் ‘சூஃபிதார்’ என்னும் சிந்தி வழிபாட்டிடம் இருக்கிறது. தேசப் பிரிவினையின்போது சிந்து நாட்டில் வீட்டையும் நிலத்தையும் இழந்து அகதியாக வந்த தாதா ரத்தன்சந்த் அவர்கள் நிறுவியது. தங்கள் நாட்டுச் சூஃபி ஞானியரின் நினைவை அக்குடும்பங்கள் கைவிடவில்லை. அவ்வழிபாட்டிடத்தைச் சேர்ந்த தொண்டர்கள் பல்லாண்டுகளாக ரமலான் மாதத்தில் வாலாஜா பள்ளிவாசலுக்கு உணவு சமைத்துக் கொண்டுசென்று, நோன்பு திறப்போர்க்குத் தங்கள் கைகளால் பரிமாறி வருகிறார்கள். பிரிவினையில் இழந்தவர்கள் முஸ்லிம்களை வெறுப்பதற்குக் காரணம் தேடியிருக்கலாம். அவர்கள் தங்கள் நினைவில் அன்பின் பகுதியைத் தேர்ந்து தொண்டாக்கினார்கள். நினைவு பகையாவதும் பரிவாவதும் அதை வைத்திருப்பவர் கையில் இருக்கிறது.

நம் துறை செய்யத்தக்கது

சிஸ்ஸாக்கோவுக்கும் அன்வருக்கும் கிடைத்த படக்கருவியும் பயிற்சியும் நம் மாணவர்க்கு எங்கே என்று கேட்கலாம். ஒவ்வொரு மாணவர் சட்டைப்பையிலும் கைபேசி இருக்கிறது. ஒரு மூதாட்டியின் பேச்சைப் பதிவு செய்ய அது போதும். வேண்டுவது கருவியன்று, அருகில் அமர்ந்து கேட்கும் பொறுமையே.

ஆகவே, நம் துறையின் சார்பில் ஒரு வேண்டுகோள் வைக்கிறோம். தமிழ் படிக்கும் ஒவ்வொரு மாணவரும், அவர் எச்சமயத்தவராயினும், விடுமுறையில் தம் குடும்பத்தின் மூத்தவர் ஒருவரிடம், குறிப்பாகப் பெண்களிடம், அமர்ந்து பேசட்டும். பெயர்களைக் கேட்கட்டும். எந்த ஊரிலிருந்து எந்த ஊருக்கு, என்ன காரணத்தால் பெயர்ந்தார்கள் என்று கேட்கட்டும். என்ன தொழில் செய்தார்கள், பஞ்ச காலத்தில் என்ன உண்டார்கள், யார் பர்மாவுக்கும் மலாயாவுக்கும் இலங்கைக்கும் சென்றார்கள், யார் திரும்பவில்லை என்று கேட்கட்டும். தாலாட்டையும் ஒப்பாரியையும் பழமொழியையும் அவர்கள் சொல்லும் சொல்லிலேயே, திருத்தாமல் எழுதட்டும். லாத்தா, காக்கா, வாப்பா, உம்மா, நன்னா என்று ஊருக்கு ஊர் வேறுபடும் உறவுச்சொற்களைத் தொகுத்தாலே அது ஒரு நல்ல ஆய்வேடாகும். சொல்ல விரும்பாததைச் சொல்லும்படி யாரையும் வற்புறுத்த வேண்டாம். சொன்னவரின் ஒப்புதலின்றி எதையும் வெளியிடவும் வேண்டாம்.

தொகுத்தவற்றை எங்கே வைப்பது என்று நாம் மயங்க வேண்டியதில்லை. நம் நகரின் தென்பகுதியே நினைவுகளின் களஞ்சியமாக இருக்கிறது. அடையாற்றில் பிரம்மஞான சபையின் நூலகம் 1886இலிருந்து இயங்கி வருகிறது. 1943இல் தோன்றிய டாக்டர் உ.வே.சாமிநாதையர் நூல்நிலையம் பெசன்ட் நகரில் இருக்கிறது. கோட்டையூர் ரோஜா முத்தையா என்னும் தனிமனிதர் வாழ்நாளெல்லாம் சேர்த்த நூல்கள் 1994 முதல் ஆராய்ச்சி நூலகமாகி இன்று தரமணியில் நிற்கின்றன. இந்நூலகங்களுக்கு மாணவர்களை அழைத்துச் சென்று, ஏடுகளைப் பேணும் முறையை நேரில் காட்டலாம். பின்னர் நம் கல்லூரி நூலகத்தின் ஒரு நிலைப்பேழையிலேயே தொடங்கலாம். அரபுத்தமிழைப் படிக்க வல்ல ஆலிம் பெருமக்கள் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்கள் நம் மாணவர்க்குச் சில வகுப்புகள் எடுத்தால், இனி ஒரு நோட்டும் கிணற்றுக்குச் செல்லாது.

சமுதாயப் பெரியோர்களிடம் கேட்பது இரண்டே. பள்ளிவாசலை இடிக்கும் முன் எமக்கு ஒரு சொல் அனுப்புங்கள். பேரப்பிள்ளை கேள்வி கேட்டு வந்தால், ‘அதெல்லாம் உனக்கெதற்கு?’ என்று திருப்பி அனுப்பாதீர்கள். பட்டறிவின் செல்வத்தை வைத்திருப்பவர்கள் நீங்கள். அதற்கும் ஒருவகை ஸகாத் உண்டு என்று கொள்ளுங்கள்.

அந்த மாணவரின் கேள்விக்கு வருவோம். வகுப்பு முடிந்த அன்றிரவே ஊரிலிருக்கும் மூத்த மாமியாரைத் தொலைபேசியில் அழைத்து, நன்னியாரின் தாயார் பெயரைக் கேட்டோம். ‘இத்தனை வருஷத்துல இதை யாரும் என்கிட்ட கேட்டதில்லையேப்பா’ என்று சொல்லிச் சற்று நேரம் பேசாமல் இருந்தார். பிறகு பெயரைச் சொன்னார். அவர் தறிக்காரர் வீட்டுப் பெண் என்றும், நூல் சுற்றும்போது பாடுவார் என்றும் சொன்னார். ஒரு மணி நேரம் பேசினார். அப்பெயரைப் புதிய நோட்டு ஒன்றின் முதற்பக்கத்தில் தமிழில் எழுதி வைத்திருக்கிறோம். இனி அம்மாணவர் கேட்டால் நாம் விடை சொல்வோம். அவரும் தம் வீட்டில் கேட்டு வந்து நமக்குச் சொல்வார் என்று எதிர்பார்க்கிறோம். எல்லாம் வல்ல இறைவன் நம் முயற்சிக்குத் துணைபுரிவானாக!